மோர் கொடுத்தவர்

‘இனிமேல் மோர் கொடுப்பவர் மோர் மட்டும் கொடுக்கட்டும்.’

‘மாடிப்படிக் குழு’ வரிசையின் இருபத்தேழாவது நாவலுக்கான புரூஃப் தாளில், மூன்றாம் அத்தியாயத்தின் ஓரத்தில், பென்சிலால் எழுதியிருக்கும் வரி இது. அடியில் ‘ரு’ என்று ஒரு சுருக்கொப்பம். தேதி இருக்க வேண்டிய இடத்தில் ‘புரட்டாசி’ என்று மட்டும் இருக்கிறது, ஆண்டு இல்லை. தாள் ஈய எழுத்தில் கோத்து எடுத்தது. அதற்குச் சில ஆண்டுகளுக்குள், தொண்ணூறுகள் பிறக்கும்போது, எங்கள் அச்சகம் ஆஃப்செட்டுக்கு மாறிவிட்டது. ஆகவே எண்பதுகளின் பிற்பகுதி என்று சொல்லலாம். அதற்கு மேல் நெருக்கிச் சொல்ல என்னிடம் சான்றில்லை.

இந்தத் தாளை இப்போது எடுத்துப் பார்க்க வைத்தவர் திவ்யா. அந்த வரிசையை மின்னூலாகக் கொண்டுவரும் வேலையில் இருக்கும் இளம் ஆசிரியர். போன மாதம் போன் செய்து கேட்டார்.

“சார், இருபத்தாறாவது புக் வரைக்கும் மூணாவது சாப்டர்லயே குற்றவாளி யாருன்னு சொல்லிடறேன். அதுக்கப்புறம் ஒண்ணுகூட பிடிபடலை. ரைட்டர் மாறிட்டாரா?”

எழுத்தாளர் மாறவில்லை. மாறுவதற்கு அப்படி ஒருவர் இருந்ததே இல்லை. அட்டையில் இருந்த பெயர் நிறுவனத்துக்குச் சொந்தமானது. அந்தப் பெயருக்குப் பின்னால் ஒரு வங்கி குமாஸ்தா, ஒரு பள்ளி ஆசிரியை, துறைமுகத்தில் கணக்கு எழுதிய ஒருவர், இன்னும் இரண்டு பேர் என்று முறைவைத்து எழுதினார்கள். அந்தப் பெயருக்கு வாசகர்கள் பொங்கல் வாழ்த்து அனுப்புவார்கள். பதில் போட்டவன் நான்.

தியாகராய நகரில், பாண்டி பஜாருக்குப் பின்னால் ஒரு தெருவில், மாடியில் இருந்தது அலுவலகம். நான் மெய்ப்புத் திருத்துபவனாகச் சேர்ந்து, துணை ஆசிரியராகி, கடைசியில் பொறுப்பாசிரியராக ஓய்வு பெற்றேன். முதல் சில வருடங்களைப் பற்றிச் சொல்ல அதிகம் இல்லை. தலைகீழாகக் கோத்த ஈய எழுத்தை நேராகப் படிக்கக் கற்றேன், ஒற்றெழுத்துக்காகத் திட்டு வாங்கினேன், அவ்வளவுதான்.

மாடிப்படிக் குழு என்பது மூன்று பேர். அருணா, பீட்டர், காசிம். மூவருக்கும் பதினான்கு வயது. வரிசை எத்தனை வருடம் ஓடினாலும் பதினான்குதான். மயிலாப்பூரில் ஒரு பழைய குடியிருப்பின் மாடிப்படியில் கூடிப் பேசுவார்கள். மந்தைவெளிச் சந்தையிலும் சாந்தோம் கடற்கரையிலும் அடையாற்றுப் பாலத்தடியிலும் துப்பறிவார்கள். கொலை கிடையாது. துப்பாக்கி கிடையாது. விளக்கு வைப்பதற்குள் வீடு திரும்பிவிட வேண்டும். பெரியவர் யாரும் வந்து முடிச்சை அவிழ்த்துவிடக் கூடாது. குற்றவாளி மூன்றாம் அத்தியாயத்துக்குள் வாசகர் கண்ணில் பட்டுவிட வேண்டும். கடைசியில் திடீரென்று வெளியூரிலிருந்து ஒரு மாமா வந்து திருடனாவதை எங்கள் பொறுப்பாசிரியர் ருக்மிணி மேடம் ‘பிள்ளைகளை ஏமாற்றுவது’ என்பார்.

ருக்மிணி மேடம் நாவல்களைப் படித்த விதம் விசித்திரமானது. கைப்பிரதி வந்ததும் கடைசி அத்தியாயத்தை முதலில் படிப்பார். குற்றவாளி யார் என்று தெரிந்துகொண்டு, அங்கிருந்து பின்னோக்கி வருவார். ஒவ்வொரு துப்பிலும் நிறுத்தி ஒரே கேள்வியைக் கேட்பார்: இவர் குற்றம் செய்யாதிருந்தாலும் இது நடந்திருக்குமா? நடந்திருக்கும் என்றால் அது துப்பில்லை, சிவப்புப் பென்சிலால் அடித்துவிடுவார். செருப்பில் சேறு இருந்ததாம். மழைக்காலத்தில் யார் செருப்பில் இல்லை? அடி. சட்டைப்பையில் ரயில் டிக்கெட் இருந்ததாம். மாம்பலத்தில் இருப்பவன் பையில் ரயில் டிக்கெட் இல்லாமல் இருந்தால்தான் சந்தேகப்பட வேண்டும். அடி. குரலை உயர்த்தியது கிடையாது. பென்சிலைத் தானே பிளேடால் சீவிக்கொள்வார். “சரி, பாப்போம்” என்றால் கைப்பிரதி தேறவில்லை என்று பொருள். “தொந்தரவு இல்லே” என்பதுதான் அவர் தந்த அதிகபட்சப் பாராட்டு. வங்கி குமாஸ்தா சேஷாத்ரி அந்த இரண்டு வார்த்தைகளை இரண்டு தடவை வாங்கியிருக்கிறார். இரண்டு தடவையும் எல்லாருக்கும் காப்பி வாங்கிக் கொடுத்தார்.

இத்தனை கறாரான மேடம் கேள்வியே கேட்காமல் விட்ட இடம் ஒன்று இருந்தது. அதுதான் மோர்.

வரிசையின் முதல் நாவலில், வெயிலில் ஓடிக் களைத்த மூன்று பிள்ளைகளையும் லஸ் பக்கம் ஒரு பழைய சாமான் கடைக்காரர் கூப்பிட்டு உட்காரவைத்து மோர் கொடுக்கிறார். கடைசி அத்தியாயத்தில் அவர்தான் குற்றவாளி. எவரை வாசகருக்குப் பிடித்துப்போகிறதோ அவரே திருடன் என்பதில் ஓர் அதிர்ச்சி இருந்தது. புத்தகம் நன்றாகப் போயிற்று. இரண்டாவதிலும் ஒருவர் மோர் கொடுத்தார். அதற்குப் பிறகு அது எங்கள் வழக்கமாகிவிட்டது. சில நாவலில் ரோஸ் மில்க், ஒன்றில் பதநீர். ஆனால் அலுவலகப் பேச்சில் எல்லாம் மோர்தான். கதைச்சுருக்கத்தோடு வரும் எழுத்தாளரிடம் மேடம் கேட்கும் முதல் கேள்வி, “மோர் யார் தரா?”

ஏழெட்டு நாவலில் அதிர்ச்சி தேய்ந்துவிட்டது. அதனால் நஷ்டமில்லை. ‘மூன்றாம் அத்தியாயத்திலேயே கண்டுபிடித்துவிட்டோம்’ என்று பிள்ளைகள் பெருமையோடு எழுதினார்கள். எங்கள் வாசகர் மன்றத்தில் சேர்ந்தவர்களுக்குத் தகரத்தில் ஒரு வில்லை அனுப்புவோம். அதைச் சட்டையில் குத்திக்கொண்டு அடுத்த புத்தகத்துக்குக் கடை வாசலில் நின்றார்கள்.

ஒரு செவ்வாய்க்கிழமை காலை, கையில் எங்கள் இருபத்தைந்தாவது நாவலோடு ஓர் அம்மாள் மாடி ஏறி வந்தார். நாற்பது வயதிருக்கும். மூச்சு வாங்கியது.

“இன்னா சார், இந்த புக்கு போடறது இங்கதானா?”

“இங்கதாம்மா. என்ன வேணும்?”

“ஒண்ணும் வேணாம். இத்த எழுதனவரு எங்க கீறாரு? அவராண்ட ஒரு வார்த்த கேக்கணும்.”

அந்த நாவலை எழுதிய சேஷாத்ரி அந்த நேரத்தில் வங்கி கவுண்டரில் இருந்தார். அட்டையில் இருப்பவரோ எங்கும் இல்லை. நான் விழித்துக்கொண்டிருப்பதைப் பார்த்து மேடமே எழுந்து வந்தார்.

“இப்படி உக்காருங்கோ. என்னன்னு எங்கிட்ட சொல்லுங்கோ.”

“எம் பேரு கன்னிம்மா. அசோக் நகர்ல ஃபிளாட்டாண்ட, படிக்கட்டுக்குக் கீழ எங்கூட்டுக்காரரு இஸ்திரி போட்டுக்கினு கீறாரு. ஏழுமலைன்னா அந்த தெருவுக்கே தெரியும். பல வருசமா அதே எடந்தான். இப்ப காலி பண்ணுன்னுட்டாங்க. செகரட்ரி சாரோட வாச்சி காணோமாம். ஃபாரின் வாச்சி. வண்டி கழுவறப்போ படிக்கட்டு செவுத்து மேல வெச்சாராம், திரும்பிப் பாத்தா இல்லியாம். பில்டிங் பசங்க துப்பு தொலக்கி ரிப்போர்ட்டு குட்த்துக்கீதுங்க. எடுத்தது இவருதானாம்.”

“என்ன காரணம் எழுதியிருக்கா?”

“வாச்ச தேடிக்கினு வெய்யில்ல அலைஞ்சிதுங்க. இவரு பொட்டிய எறக்கி வெச்சிட்டு மொத ஆளா கூடப் போய்த் தேடனாரு. நான் கொண்டாந்த மோர ஆளுக்கு ஒரு டம்ளர் ஊத்திக் குட்த்தாரு. அவ்ளதாம்மா ரிப்போர்ட்டு.”

அச்சுக் கோத்துக்கொண்டிருந்தவர்களில் ஒருவர் சிரித்துவிட்டார். மேடம் திரும்பிப் பார்த்ததும் நிறுத்திக்கொண்டார்.

“நீ சிரிக்கற நைனா,” என்றார் கன்னியம்மா அவரிடம். “எனக்கும் மொதல்ல சிரிப்புதான் வந்திச்சி. இந்த புக்க எம் பொண்ணு படிச்சிக் காட்டுச்சி. பாதி வரதுக்குள்ளயே நான் சொல்லிட்டேன், அந்த பூந்தொட்டிக் கடக்காரன்தான் திருடன்னு. ‘எப்டிம்மா கண்டுபுட்ச்ச’ன்னுது. ‘மோர் குட்த்தான் இல்ல’ன்னேன். சொல்லிட்டு எனக்கே வாயடச்சிப் போச்சி. எம் புருசனும் அதத்தான குட்த்தாரு?”

கன்னியம்மா புத்தகத்தை மேடத்தின் முன் நீட்டினார்.

“ஏம்மா, மோர் குட்த்தா திருடனா?”

“எப்போ காலி பண்ணச் சொல்லியிருக்கா?” என்று மட்டும் கேட்டார் மேடம்.

“ஞாயித்துக்கெழம.”

“சனிக்கிழமை நாங்க வரோம்.”

சனிக்கிழமை பிற்பகல் நானும் மேடமும் அசோக் பில்லரில் பஸ்ஸை விட்டு இறங்கி நடந்தோம். வழியில் மேடம் தன் திட்டத்தைச் சொன்னார். கைப்பிரதியைப் படிப்பது போலவே பிள்ளைகளையும் முடிவிலிருந்து பின்னோக்கிக் கேட்பது. அவர்கள் துப்புகளை ஒவ்வொன்றாக அடித்துவிட்டால் விஷயம் முடிந்தது. அவர் அவ்வளவு உறுதியாக இருந்ததால் எனக்கும் கவலை குறைந்தது.

மூன்று மாடிக் கட்டடம். படிக்கட்டின் கீழே ஏழுமலையின் மேசையும் பெட்டியும். அவர் தலை நிமிராமல் தேய்த்துக்கொண்டிருந்தார். மெலிந்த, உயரமான மனிதர். படியில் மூன்று பிள்ளைகள் வில்லையோடு உட்கார்ந்திருந்தார்கள். தலைவி நஸ்ரீன். பதின்மூன்று வயது, கண்ணாடி போட்டவள். மற்ற இருவர் பிரபுவும் அவன் தம்பியும். நாங்கள் யார் என்று சொன்னதும் அவர்கள் முகத்தில் தோன்றிய வெளிச்சத்தை நான் மறக்கவில்லை. பரிசு கொடுக்க வந்திருக்கிறோம் என்றே நினைத்துவிட்டார்கள்.

மேடம் அவர்கள் பக்கத்தில் படியிலேயே உட்கார்ந்தார்.

“கேஸ் பத்தி கேள்விப்பட்டேன். ஒண்ணு கேக்கறேன். கடிகாரத்தை அவர் எடுக்கவேயில்லைன்னு வெச்சுக்கோ. அப்பவும் கூட வந்து தேடியிருப்பாரா, மாட்டாரா?”

நஸ்ரீன் யோசித்தாள். பிரபு முந்திக்கொண்டான்.

“தேடுவாரு ஆன்ட்டி. போன மாசம் என் ஷட்டில்காக் சன்ஷேடு மேல மாட்டிக்கிச்சு, அவருதான் ஏறி எடுத்துக் குடுத்தாரு.”

“மோர்?”

“அது தினம் குடுப்பாரு. நல்லா இஞ்சி போட்டு...”

“டேய், சும்மா இருடா!” என்றாள் நஸ்ரீன். பிறகு மேடத்தைப் பார்த்து, “அப்ப அது ப்ரூஃப் இல்லைங்கிறீங்களா?”

“இல்லேம்மா.”

நஸ்ரீன் எழுந்து வீட்டுக்குள் போனாள். அழப் போகிறாள் என்று நினைத்தேன். மார்போடு அணைத்த புத்தக அடுக்கோடு திரும்பி வந்தாள். எல்லாம் எங்களுடையவை. ஒவ்வொன்றாகப் படியில் வைத்தாள்.

“இதுல மோர் குடுத்தது லைப்ரரிக்காரர். வேற ஒரு ப்ரூஃபும் இல்ல, அருணா அவர் முகத்தைப் பாத்தே கண்டுபிடிச்சுடறா. இதுல சைக்கிள் கடைக்காரர். இதுல ட்யூஷன் வாத்தியார். இதுல ஒரு போட்மேன், பதநீர் குடுத்தார். எல்லாத்துலயும் நல்லவங்கதான் திருடங்க. நாங்க தப்பா எழுதிட்டோம்னு சொல்ல வந்தீங்களே, ஆன்ட்டி, இதெல்லாம் யார் எழுதினது?”

மேடம் மேலே இருந்த புத்தகத்தை எடுத்துக் கடைசி அத்தியாயத்தைத் திறந்தார். படித்தார். பென்சிலுக்காக அவர் கை தன்னையறியாமல் பைக்குள் போனதை நான் பார்த்தேன். இன்னொன்றை எடுத்தார். அதையும் மூடி வைத்தார்.

“நீ சொல்றது சரிதான். இதெல்லாம் நான் அடிச்சிருக்கணும். எங்களுக்கு அப்படி எழுதறது சுலபமா இருந்தது.”

 படிக்கட்டுக்குக் கீழே ஏழுமலை அடுத்த சட்டையை எடுத்து விரித்தார்.

“எங்களுக்கும் சுலபமாத்தான் இருந்துச்சு,” என்றான் பிரபு.

நஸ்ரீன் அவனை முறைத்தாள். பிறகு விறுவிறுவென்று மாடி ஏறினாள். நாங்கள் பின்னாலேயே போனோம். செயலாளர் சபாபதி கதவைத் திறந்தார். ஓய்வுபெற்ற அதிகாரி, நல்ல மனிதர்தான், மாலைப் பத்திரிகை கையில்.

“அங்கிள், எங்க ரிப்போர்ட்ட திருப்பிக் குடுங்க.”

“எதுக்கும்மா?”

“அது தப்பு. எங்ககிட்ட ஒரு துப்பும் இல்ல.”

சபாபதி எங்களைப் பார்த்துச் சிரித்தார். “குழந்தைங்க விளையாட்டு. அதை வெச்சா நான் முடிவெடுப்பேன்?”

“வேற எதை வெச்சு எடுத்தேள்?” என்றார் மேடம்.

கேட்ட குரலில் கோபம் இல்லை. ஒரு கைப்பிரதியைப் பற்றிக் கேட்கிற குரல்தான். சபாபதி கையிலிருந்த பத்திரிகையை மடித்தார்.  பிறகு உள்ளே போய், பத்திரிகைகளுக்கு அடியிலிருந்து இரண்டு தாள்களைக் கொண்டுவந்து நஸ்ரீனிடம் கொடுத்தார்.

“சரி. அவர் இங்கயே இருக்கட்டும். கமிட்டிக்கு நான் சொல்லிக்கறேன்.”

நாங்கள் வெற்றியோடு கீழே இறங்கினோம். உண்மையில் அப்படித்தான் உணர்ந்தேன். எங்கள் நாவல்களில் இது கடைசியான பன்னிரண்டாம் அத்தியாயம். இதற்குப் பிறகு எல்லாரும் சிரிப்பார்கள், ‘முற்றும்’ என்று போடுவோம்.

நஸ்ரீன் போய் ஏழுமலையின் மேசை முன்னால் நின்றாள். “அண்ணா... நீங்க போவேணாம். அங்கிள் சொல்லிட்டாரு. நாங்க எழுதினது தப்பு. ஸாரி.”

ஏழுமலை பெட்டியை நிமிர்த்தி வைத்தார்.

“பரவால்ல பாப்பா. நீங்க கொயந்தைங்க. உங்க மேல எனக்கு ஒண்ணும் கெடையாது.” பிறகு மேடத்தைப் பார்த்துச் சொன்னார்: “ஆனா நான் நாளிக்கு எதுத்தாப்ல போயிடறேம்மா. அந்த தூங்குமூஞ்சி மரத்தாண்ட எடம் கேட்டு வெச்சிட்டேன்.”

“அதான் இருக்கலாம்னுட்டாரே!” கன்னியம்மா கிட்டத்தட்டக் கத்திவிட்டார். “மழ வந்தா இன்னா பண்ணுவ? வெய்யில்ல கருகிப் போவியா?”

“தார்ப்பா கட்டிக்கலாம்.”

“உனக்கு இன்னா ரோசமா?”

“ரோசம்லாம் இல்ல. இங்க இருந்தா நாளிக்கி ஒரு பட்டன் காணோம்னாலும் மொதல்ல எம் மூஞ்சியத்தான் பாப்பாங்க. பாக்கலன்னாலும், பாக்கறாங்கன்னு எனக்குத் தோணும். கைய நடுங்க வெச்சிக்கினு துணி தேய்க்க முடியுமா? நீயே சொல்லு.”

  நாங்கள் எதைத் திருப்பித் தர வந்தோமோ அதைத் தர எங்களிடம் வழியில்லை என்பது அந்தப் படிக்கட்டில் எல்லாருக்கும் புரிந்தது. பெரியவர்களைவிட நஸ்ரீனுக்கு முதலில் புரிந்தது என்று நினைக்கிறேன். மேசையின் ஒரு முனையை அவள் பிடித்துக்கொண்டாள். மறு முனையைப் பிரபுவும் அவன் தம்பியும் பிடித்தார்கள். நாளை வரை காத்திருக்காமல் அன்றே சாலை தாண்டிக் கொண்டுபோய் மரத்தடியில் வைத்தார்கள். மேடம் துணி மூட்டை ஒன்றைத் தூக்கிக்கொண்டார். நான் கரி மூட்டையை.

அலுவலகத்தில் அடுத்த எழுத்தாளர் கூட்டத்தில் மேடம் விஷயத்தைச் சொன்னார். சேஷாத்ரி திகைத்துப்போனார்.

“மோர் குடுக்கறவன் நல்லவன்னா, பின்னே யார்தான் மேடம் திருடன்?”

“அதை யோசிக்கத்தான் உங்களை எழுதச் சொல்றது.”

அவர் யோசித்தார். வழக்கத்தைவிட இரண்டு மாதம் தாமதமாக இருபத்தேழாவது நாவல் வந்தது. அதன் புரூஃபில்தான் அந்தப் பென்சில் வரி. பழக்க தோஷத்தில் சேஷாத்ரி மோர் கொடுத்தவரை ஓரிடத்தில் திருட்டு முழி முழிக்கவைத்திருந்தார், அதற்காக எழுதியது. வாசகர்களிடமிருந்து திட்டு வந்தது. ‘மோர் கொடுத்தவரைக் கடைசிவரை சந்தேகப்பட்டோம், எங்களை ஏமாற்றிவிட்டீர்கள்’ என்று ஒரு பையன் வில்லையையே திருப்பி அனுப்பிவிட்டான். அவனுக்குப் பதில் எழுத நான் மூன்று முறை முயன்றேன். கடைசியில் மேடமே எழுதினார். என்ன எழுதினார் என்று என்னிடம் காட்டவில்லை. வில்லையைத் திரும்பக் கேட்டு அவனிடமிருந்து மறு தபால் வந்தது.

திவ்யாவின் கேள்விக்கு என் பதில் இதுதான். எழுத்தாளர் மாறவில்லை. ஒரு வாசகி வீட்டுக்குள் போய்ப் புத்தகங்களை எடுத்து வந்தாள்.

அந்தக் குடியிருப்புத் துணிகள் பிறகும் ஏழுமலையிடம்தான் போயின. காலையில் பிள்ளைகள் சாலை தாண்டிக் கொண்டுபோய்க் கொடுப்பார்கள், மாலையில் வாங்கி வருவார்கள். அசோக் நகர் பக்கம் போகும்போதெல்லாம் நான் மரத்தடியில் நின்று பேசிவிட்டு வருவேன். ஒருமுறை கடிகாரம் கிடைத்ததா என்று கேட்டேன்.

“யாருக்குத் தெரியும்? நான் கேக்கல சார்,” என்றார்.

எனக்கு அப்படி விட முடியவில்லை. இரண்டு செய்திகள் கிடைத்தன. மொட்டைமாடித் தண்ணீர்க் குழாயைப் பிரித்தபோது கடிகாரம் அகப்பட்டதாகப் பிரபு, வளர்ந்து பெரியவனான பிறகு, ஒரு புத்தகக் கண்காட்சியில் சொன்னான். அவன் பார்த்ததில்லை, அம்மா சொன்னாராம். சபாபதியின் பழைய ஸ்கூட்டரை விற்றபோது அதன் பெட்டிக்குள் இருந்தது என்று கட்டடத்தின் காவலாளி சொன்னார். அவரும் பிறர் சொல்லிக் கேட்டதுதான். சபாபதி இப்போது இல்லை. வெளிநாட்டில் இருக்கும் அவர் மகனுக்கு எழுதினேன், பதில் வரவில்லை. இரண்டில் ஒன்று உண்மையாக இருக்கலாம், இரண்டுமே இல்லாமலும் இருக்கலாம். கடிகாரம் கிடைத்ததா என்பது இதை எழுதும் இன்று வரை உறுதிப்படவில்லை. ஏழுமலை அதை எடுக்கவில்லை என்று சொல்ல, அது கிடைத்தாக வேண்டும் என்பதும் இல்லை.